பர்ஸோடு ஆதார், பான், ஓட்டுநர் உரிமம் எல்லாம் தொலைந்துவிட்டன. எதிலிருந்து தொடங்குவது?

நீங்கள் கேட்டிருப்பது இதுதான்: பேருந்தில் பர்ஸ் தொலைந்துவிட்டது. ஆதார், பான், ஓட்டுநர் உரிமம், வாக்காளர் அட்டை நான்கும் அதில் இருந்தன. எதை முதலில் வாங்குவது? போலீஸ் புகார் இல்லாமல் எதுவுமே கிடைக்காது என்கிறார்களே, உண்மையா?

பர்ஸில் ஏ.டி.எம். கார்டும் இருந்திருந்தால், மேற்கொண்டு படிக்கும் முன் வங்கிக்கு போன் போட்டு அதை முடக்கிவிடுங்கள். மற்றதெல்லாம் நாளைக்குக்கூடப் பார்த்துக்கொள்ளலாம்.

சரி, இனி அட்டைகளுக்கு வருவோம். ஆதார் எண்ணும் பான் எண்ணும் ஒருவருக்கு வாழ்நாள் முழுக்க ஒன்றுதான். அட்டை போனாலும் எண் அரசின் பதிவில் அப்படியே இருக்கிறது. அதனால் நீங்கள் எங்கே போனாலும் கேட்க வேண்டியது அதே எண்ணுக்கு இன்னொரு பிரதி. ‘புதுசா அப்ளை பண்ணிடலாம் சார், அதுதான் ஈஸி’ என்று யாராவது சொன்னால் ஒத்துக்கொள்ளாதீர்கள். குறிப்பாக பான் விஷயத்தில் இது ஆபத்து. ஒருவர் இரண்டு பான் வைத்திருந்தால் 10,000 ரூபாய் வரை அபராதம் விதிக்க வருமான வரிச் சட்டத்தில் இடம் இருக்கிறது.

முதலில் எடுக்க வேண்டியது ஆதார். அது கையில் இருந்தால் மற்றவை எளிதாக வந்துவிடும். ஆனால் ஆதாருக்கும் முன்னால் ஒன்று இருக்கிறது: ஆதாரோடு இணைத்திருக்கும் உங்கள் மொபைல் எண். அந்த எண் உயிரோடு இருக்கிறதா, உங்கள் கையில்தான் இருக்கிறதா என்று பாருங்கள். எண் சரியாக இருந்தால் அரை மணி நேரத்தில் வேலை முடியும். இல்லையென்றால் அலைச்சல்தான். எந்த எண்ணைக் கொடுத்தோம் என்று நினைவில்லாவிட்டால், ஆதார் ஆணையத்தின் தளத்தில் ஆதார் செல்லுமா என்று சரிபார்க்கும் வசதி இருக்கிறது. அங்கே ஆதார் எண்ணைப் போட்டால் இணைந்திருக்கும் மொபைலின் கடைசி மூன்று இலக்கங்களைக் காட்டும்.

எண் சரியாக இருந்தால் தளத்தில் ஓ.டி.பி. போட்டு மின் ஆதாரை இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். பி.டி.எஃப். கடவுச்சொல் கேட்கும். ஆதாரில் உள்ளபடி பெயரின் முதல் நான்கு ஆங்கில எழுத்துகள் பெரிய எழுத்தில், அடுத்து பிறந்த வருடம். நம் ஊரில் பலருக்கு இது திறக்காது, காரணம் இன்ஷியல். பெயருக்கு முன்னால் இன்ஷியலும் புள்ளியும் இருந்தால் அவையும் அந்த நான்கில் சேரும். நடுவில் உள்ள இடைவெளி சேராது. இந்த மின் ஆதார், தபாலில் வந்த பழைய ஆதார் கடிதம், பிளாஸ்டிக் அட்டை எல்லாமே சமமாகச் செல்லும். கையில் அட்டையாகவே வேண்டும் என்றால் அதே தளத்தில் பி.வி.சி. அட்டைக்குப் பணம் கட்டலாம், விரைவுத் தபாலில் வீட்டுக்கு வரும். ஆதார் எண்ணே மறந்துவிட்டதா? பெயரும் மொபைல் எண்ணும் கொடுத்தால் எண்ணைக் குறுஞ்செய்தியில் அனுப்பும் வசதியும் அங்கேயே இருக்கிறது. அதற்கும் முன்னால் வீட்டு பீரோவைத் திறந்து பாருங்கள். ஏதாவது ஒரு விண்ணப்பத்துக்கு எடுத்த ஜெராக்ஸ் ஒன்று அனேகமாக அகப்படும்.

மொபைல் எண் சரியில்லாதவர்களுக்கு இனி வருவது. என் அப்பாவின் பை தொலைந்தபோது எங்களுக்கு நடந்ததும் இதுவே. ஆதார் எடுத்த காலத்தில் கொடுத்த சிம்மை அவர் எப்போதோ விட்டுவிட்டார். பயன்படுத்தாமல் விட்ட எண்ணை நிறுவனங்கள் வேறொருவருக்குக் கொடுத்துவிடும். அப்படியானால் அப்பாவின் ஓ.டி.பி. யாரோ ஒருவருக்குப் போகும். தளத்தில் என்ன முயன்றாலும் பயனில்லை, ஏனென்றால் அப்போது மொபைல் எண்ணை மாற்ற நேரில் போய்த்தான் ஆக வேண்டியிருந்தது. நாங்கள் முதலில் போன மையத்தில் ‘போலீஸ் எஃப்.ஐ.ஆர். கொண்டுவாங்க’ என்று திருப்பி அனுப்பினார்கள். 1947 என்ற ஆதார் உதவி எண்ணில் கேட்டபோதுதான் அது தேவையே இல்லை என்று தெரிந்தது. மொபைல் எண் மாற்றத்துக்கு எந்த ஆவணமும் வேண்டாம். ஆளும் விரல் ரேகையும் போதும். வாழ்நாள் முழுக்க சிமென்ட் வேலை பார்த்த கை, ரேகை விழவில்லை. அதற்கும் வழி இருக்கிறது, கருவிழியை வைத்துச் சரிபார்ப்பார்கள். கட்டட வேலை, விவசாயம், நெசவு செய்த பெரியவர்களை அழைத்துப் போகும்போது ‘கண் வைத்துப் பாருங்கள்’ என்று நீங்களே கேளுங்கள். கேட்காவிட்டால் சில இடங்களில் ‘ரேகை வரல, அப்புறம் வாங்க’ என்று அனுப்பிவிடுகிறார்கள். வயதானவர்களை இப்படி அலையவிடுவதைப் பார்த்தால் எனக்கு மனசு பொறுப்பதில்லை. நடக்க முடியாதவர் என்றால் அஞ்சல் துறையின் பேமென்ட்ஸ் வங்கி மூலம் தபால்காரரே வீட்டுக்கு வந்து மொபைல் எண்ணை மாற்றித்தரும் சேவை 2021 முதல் இருக்கிறது. உங்கள் பகுதித் தபால் நிலையத்தில் விசாரியுங்கள்.

அடுத்து பான். மறுபதிப்பு அட்டைக்கு இந்திய முகவரி என்றால் 50 ரூபாய்தான். வருமான வரித் துறையின் தளத்தில் உள்ள இணைப்பு வழியாகவே உள்ளே போங்கள். கூகுளில் தேடினால் மேலே விளம்பரமாக வரும் தளங்கள் இதே வேலைக்குப் பல மடங்கு கேட்கின்றன, உங்கள் விவரங்களையும் வாங்கி வைத்துக்கொள்கின்றன. அட்டை, பதிவில் இருக்கும் முகவரிக்குத்தான் வரும். வீடு மாறியிருந்தால் மறுபதிப்பு கேட்காமல் திருத்தப் படிவமாகப் போடுங்கள், இல்லாவிட்டால் பழைய வீட்டுக்குப் போய்ச் சேரும். பான் எண் நினைவில்லையென்றால் சம்பளக்காரர்களுக்கு, நிறுவனம் தந்த படிவம் 16 என்ற வரிப் பிடித்தச் சான்றில் இருக்கும்.

ஓட்டுநர் உரிமத்துக்கு அவசரப்பட வேண்டாம். அரசின் செயலிகளான டிஜிலாக்கரிலோ எம்-பரிவாகனிலோ உரிமத்தை எடுத்து வைத்துக்கொண்டால் சாலையில் காட்ட அது போதும். 2018 இறுதியில் மத்திய மோட்டார் வாகன விதிகளைத் திருத்தி இதை அனுமதித்திருக்கிறார்கள். போனில் எடுத்த போட்டோவைக் காட்டினால் செல்லாது, அந்தச் செயலியிலேயே திறந்து காட்ட வேண்டும். நகல் உரிமத்துக்கு பரிவாகன் தளத்தில் விண்ணப்பிக்கலாம். மிகப் பழைய உரிமம் என்றால் கணினியில் ஏறாமலே இருக்கும். அப்படியிருந்தால் உரிமம் கொடுத்த வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்துக்கே போய் முதலில் பதிவேற்றச் சொல்ல வேண்டும்.

இங்கேதான் உங்கள் போலீஸ் கேள்வி வருகிறது. ஆதாருக்கும் பானுக்கும் புகார் தேவையில்லை. உரிமத்துக்குக் கேட்பார்கள். அதற்காக ஸ்டேஷன் வாசலில் நிற்க வேண்டியதில்லை. தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் தொலைந்த ஆவண அறிக்கை என்று ஒரு சேவை இருக்கிறது, எல்.டி.ஆர். என்பார்கள். விவரங்களைப் பதிந்தால் எண்ணோடு ஒரு அறிக்கை கிடைக்கும். தொலைந்தவற்றுக்கு மட்டும்தான் இது. பர்ஸை யாரோ அடித்துவிட்டார்கள் என்றால் ஸ்டேஷனில் புகார்தான் கொடுக்க வேண்டும். என்னைக் கேட்டால், யாரும் கேட்காவிட்டாலும் நான்கு அட்டைகளையும் குறிப்பிட்டு இந்த அறிக்கையை இன்றைக்கே எடுத்து வையுங்கள் என்பேன். நாளை உங்கள் பான் அட்டையை வைத்து யாராவது கடன் வாங்கியிருந்தால், இந்தத் தேதியிலேயே தொலைந்துவிட்டது என்று காட்ட கையில் ஒரு தாள் வேண்டும்.

வாக்காளர் அட்டை கடைசியாக இருக்கட்டும். படிவம் 8 போட்டால் மாற்று அட்டை வரும். வாக்காளர் பட்டியலில் பெயர் இருந்தால் போதும், ஆதார், பான், உரிமம் போன்ற வேறு ஆவணத்தைக் காட்டியும் ஓட்டுப் போடலாம். எனவே அட்டையைவிடப் பட்டியலில் பெயர் இருக்கிறதா என்று பார்ப்பதே முக்கியம்.

அட்டைகள் திரும்ப வந்த பிறகும் தொலைந்தவை எங்கோ யாரிடமோ இருக்கின்றன. பலரும் இதை விட்டுவிடுகிறார்கள். ஆதார் ஆணையத்தின் செயலியிலோ தளத்திலோ பயோமெட்ரிக்கை, அதாவது கைரேகை, கருவிழிப் பதிவைப் பூட்டி வைக்கலாம். தேவைப்படும்போது நீங்களே திறந்துகொள்ளலாம். ஆனால் ரேஷன் கடையில் கைரேகை வைப்பவர் என்றால் பூட்டியது நினைவிருக்கட்டும், அங்கே ரேகை ஏற்காது. உங்கள் ஆதார் எங்கெங்கே பயன்பட்டிருக்கிறது என்ற வரலாற்றையும் அதே தளத்தில் பார்க்கலாம். மத்திய தொலைத்தொடர்புத் துறையின் சஞ்சார் சாத்தி தளத்தில் உங்கள் பெயரில் எத்தனை மொபைல் இணைப்புகள் ஓடுகின்றன என்று தெரியும். உங்களுடையது அல்லாத எண் இருந்தால் அங்கேயே புகார் செய்யலாம். சிபில் போன்ற கடன் தகவல் நிறுவனங்கள் ஒவ்வொன்றும் வருடத்துக்கு ஒரு முறை முழு அறிக்கையை இலவசமாகத் தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. இரண்டு மூன்று மாதம் கழித்து ஒன்றை எடுத்துப் பாருங்கள், உடனே எடுத்தால் புதிதாக வாங்கிய கடன் அதில் ஏறியிருக்காது. நீங்கள் வாங்காத கடன் ஏதாவது தென்பட்டால் அந்தக் கடன் நிறுவனத்துக்கும் அறிக்கை தந்த நிறுவனத்துக்கும் எழுத்தில் புகார் கொடுங்கள், அந்த எல்.டி.ஆர். நகலையும் இணைத்து அனுப்புங்கள். உங்கள் கணக்கிலிருந்தே பணம் போயிருந்தால் தாமதிக்காமல் சைபர் மோசடி உதவி எண்ணான 1930-க்கு அழையுங்கள்.