2408-க்கும் 2500-க்கும் நடுவே

அன்புள்ள ஆசிரியருக்கு,

என் அக்கா மகனுக்கு 17 வயது. செஸ்ஸில் இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டம் வாங்கிவிட்டான். ரேட்டிங் 2408. கிராண்ட்மாஸ்டர் நார்ம் ஒன்று கையில் இருக்கிறது. இரண்டாவது போன மாதம் அரைப் புள்ளியில் தவறியது. முதல் ரவுண்டு ஆள்தான் காரணம் என்கிறான். அந்த ஆட்டத்தில் ஜெயித்தவன் இவன்தான், அதனால் எனக்குப் புரியவில்லை. பிளஸ் டூ முடியப்போகிறது. கல்லூரியை இரண்டு வருடம் தள்ளிவைத்து முழுநேரம் ஆடட்டும் என்கிறார் அவன் அப்பா. அக்காவுக்குப் பயம். குகேஷ், பிரக்ஞானந்தா பெயரைச் சொன்னதும் வீட்டில் பேச்சு அடங்கிவிடுகிறது. கிராண்ட்மாஸ்டர் ஆனவர்கள் அதற்கப்புறம் எதை வைத்துத்தான் பிழைக்கிறார்கள்?

மு., ஈரோடு

அன்புள்ள மு.,

பையன் சொல்வது சரியான கணக்கு. கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு மூன்று நார்மும், அதாவது அந்தத் தரத்தில் ஆடியதற்கு அத்தாட்சியான மூன்று போட்டி முடிவுகளும், 2500 ரேட்டிங்கும் (ஆட்டப் பலத்தைக் காட்டும் எண்) வேண்டும். கிராண்ட்மாஸ்டர் நார்முக்குக் குறைந்தது 9 ஆட்டம் ஆடி, 2600 ரேட்டிங் உள்ளவர் ஆடுகிற தரத்தைக் காட்ட வேண்டும். எத்தனை புள்ளி எடுத்தால் அந்தத் தரம் என்பது எதிராளிகளின் சராசரியைப் பொறுத்தது. சராசரி 2434 முதல் 2474 வரை என்றால் ஆறரைப் புள்ளி. 2380 முதல் 2433 வரை என்றால் ஏழு. எட்டு எதிராளிகளின் சராசரி 2460 என்று வையுங்கள். முதல் ரவுண்டில் மட்டும் 2000 ரேட்டிங் உள்ள ஒருவர் மாட்டுகிறார். விதி இரக்கப்பட்டு, மிகக் குறைந்த அந்த ஒருவரை மட்டும் 2200 ஆக உயர்த்திக்கொள்ள விடுகிறது. அப்படியும் ஒன்பது பேரின் சராசரி 2431. மூன்று புள்ளி குறைந்ததற்காக ஆறரை போதாமல் ஏழு தேவைப்படுகிறது. அவரை ஜெயித்தே ஆக வேண்டும், ஜெயித்தாலும் நஷ்டம். யாரும் சேரக்கூடிய ஓபன் போட்டிகளில் முதல் ரவுண்டு இப்படித்தான் பலரைக் கவிழ்க்கிறது.

புள்ளி எடுத்தால் மட்டும் நார்ம் வந்துவிடாது. ஒன்பதில் மூன்று பேராவது கிராண்ட்மாஸ்டராக இருக்க வேண்டும். பாதிப் பேருக்கு, கேண்டிடேட் மாஸ்டர் தவிர்த்த ஏதேனும் செஸ் பட்டம் இருக்க வேண்டும். நம் நாடு தவிர இரண்டு நாட்டுக்காரர்களையாவது சந்தித்திருக்க வேண்டும், அதோடு ஐந்துக்கு மேல் இந்தியர்கள் வரக் கூடாது. இங்கே நடக்கும் பெரிய ஓபன்களில் வெளிநாட்டவர் இருபது பேருக்குக் குறையாமல் வரவழைப்பதன் ரகசியம் இதுதான். மூன்று நாடுகளிலிருந்து இருபது பேர், அவர்களில் பத்துப் பேர் கிராண்ட்மாஸ்டர் அல்லது இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டம் (மகளிர் பட்டங்களும் சேர்த்து) உள்ளவர்கள் என்றால் கடைசியாகச் சொன்ன வெளிநாட்டு நிபந்தனை தளர்கிறது. ஆனால் மூன்று நார்மில் ஒன்றாவது இந்தத் தளர்வு இல்லாமல் வந்ததாக இருக்க வேண்டும். உங்கள் பையன் கையிலிருப்பது எந்த வகை என்று இப்போதே பார்த்துக்கொள்ளுங்கள்.

இவ்வளவு சொன்னாலும், என் கணிப்பில் அவனுக்கு நார்ம் பெரிய தடையாக இருக்காது. ஒரு நல்ல வாரம் அமைந்தால் நார்ம் வந்துவிடும். 2500-க்கு ஒரு வாரம் போதாது. ரேட்டிங் ஏறி இறங்கும் வேகத்தை கே என்ற எண் தீர்மானிக்கிறது. 18 வயதுக்குள், 2300-க்குக் கீழே இருக்கும்வரை அது 40. பிறகு 20. ஒரு தடவை 2400-ஐத் தொட்டுவிட்டால் 10, அப்புறம் கீழே இறங்கினாலும் 10-தான். அதாவது ஒன்பது ரவுண்டு போட்டியில் எதிர்பார்த்ததைவிட முழுதாக ஒரு புள்ளி கூடுதலாக எடுத்தாலும் ஏறுவது வெறும் 10. இன்னும் 92 ஏற வேண்டும். அப்படி ஒன்பது பத்துப் போட்டிகள், நடுவில் சறுக்காமல்.

சறுக்க வைப்பவர்கள் பன்னிரண்டு வயதுக்காரர்கள். சென்னையில் 2250 ரேட்டிங் உள்ள ஒரு சிறுவனோடு இவன் டிரா செய்தால் இவனுக்கு 2.1 போகும், அந்தச் சிறுவனுக்கு 8.4 ஏறும். அவனுடைய உண்மையான பலம் ஏற்கெனவே 2400-ஐ ஒட்டி இருக்கும். ரேட்டிங் பின்னால் ஓடி வந்துகொண்டிருக்கிறது. போதாக்குறைக்கு ஒரே நாளில் இரண்டு ரவுண்டு. 90 நிமிடமும் நகர்த்தலுக்கு 30 வினாடியும் என்றால் ஒரு ஆட்டம் நான்கு மணி நேரம் இழுக்கும். மதியச் சாப்பாட்டோடு அடுத்த எதிராளியின் பழைய ஆட்டங்களைப் புரட்ட முடியாது. தயாரிப்பில் கெட்டிக்காரனுக்கு அதனால் நஷ்டம், அந்தச் சிறுவனுக்கு ஒன்றுமில்லை.

ஆகவே நாளுக்கு ஒரு ரவுண்டு நடக்கும் போட்டிகளாகப் பார்த்து, வருடத்துக்கு இரண்டு நீண்ட ஐரோப்பியப் பயணங்கள், ஒவ்வொன்றிலும் மூன்று நான்கு போட்டிகள் என்று வைத்துக்கொண்டால் போதும். புடாபெஸ்ட்டில் நடப்பது போன்ற பத்துப் பேர் மட்டும் ஆடும் மூடிய போட்டிகளில் எதிராளிகள் யார், எத்தனை புள்ளி தேவை என்பதெல்லாம் முன்கூட்டியே தெரியும். 2021இல் அபிமன்யு மிஸ்ரா உலகின் மிக இளைய கிராண்ட்மாஸ்டர் ஆனது அங்கேயே தங்கி ஆடித்தான். ஆனால் சராசரி 2400-ஐ ஒட்டியே இருக்கும், ஏழு புள்ளி எடுக்க வேண்டும். டிரா செய்தே காலம் தள்ளுபவருக்கு அது ஆகாது. 2500-ஐ ஒருமுறை தொட்டால் போதும், போட்டியின் நடுவில் தொட்டாலும் செல்லும். வைஷாலிக்கு மூன்றாவது நார்ம் 2023 அக்டோபரில் கத்தாரில் வந்தது; 2500-ஐத் தொட்டது டிசம்பரில் ஸ்பெயினில்.

குகேஷ் 12 வயது 7 மாதத்தில் பட்டம் வாங்கியதை வைத்து இவனை அளக்காதீர்கள். ஆனந்த் 1988இல் வாங்கியபோது வயது 18. உங்கள் பையன் தாமதமாகிவிடவில்லை.

இனிப் பிழைப்பு. 2024இல் சிங்கப்பூரில் நடந்த உலக சாம்பியன் போட்டியில் குகேஷுக்குக் கிடைத்தது 13.5 லட்சம் டாலர். 2023 உலகக் கோப்பையில் வென்ற கார்ல்சனுக்கு 1,10,000. அதே போட்டியின் முதல் ரவுண்டில் தோற்றவருக்கு 3,750. அந்த முதல் ரவுண்டுக்குத் தகுதி பெறுவதே பெரும் பாடு. உலகின் முதல் நூறு பேரில் இடம்பிடிக்க 2630-ஐ ஒட்டி வேண்டும். 2500-இல் நிற்கும் கிராண்ட்மாஸ்டருக்கு ஓபன்களில் நுழைவுக் கட்டணம் இராது, சில இடங்களில் அறையும் கிடைக்கும். பரிசுப் பணம் விமான டிக்கெட்டை ஈடுகட்டினால் நல்ல மாதம். ஆடி மட்டும் குடும்பம் நடத்துகிறவர்கள் மிகச் சிலர்.

மற்றவர்களுக்கு வேலை பலகைக்குப் பக்கத்தில்தான். ஜெர்மனி, பிரான்ஸ் கிளப் லீக்குகள் ஆட்டத்துக்கு இவ்வளவு என்று தருகின்றன. பெரிய வீரர்களுக்குத் தயாரிப்பு உதவியாளராகப் போகலாம். போலந்தின் கயேவ்ஸ்கி முதலில் ஆனந்தோடு, பிறகு குகேஷோடு இருந்தார். பெட்ரோலியப் பொதுத்துறை நிறுவனங்களும் ரயில்வேயும் விளையாட்டு ஒதுக்கீட்டில் எடுக்கின்றன. எல்லாவற்றையும்விடப் பயிற்சிதான் நிலையான வருமானம். ஆர்.பி. ரமேஷ் ஆடுவதை இளவயதிலேயே குறைத்துக்கொண்டு பயிற்சிக்கு வந்தவர். பிரக்ஞானந்தாவும் வைஷாலியும் அவரிடம் வளர்ந்தவர்கள். குகேஷை வளர்த்த விஷ்ணு பிரசன்னாவும், 2024 ஒலிம்பியாடில் தங்கம் வென்ற அணியின் கேப்டன் ஸ்ரீநாத் நாராயணனும் கிராண்ட்மாஸ்டர்களே. பட்டம் இருந்தால் ஒரு மணி நேரத்துக்கு வாங்கும் கட்டணம் கூடும். அதுதான் அதன் நேரடிப் பலன்.

இந்தக் காரணத்தால் அக்காவின் பயத்தில் நியாயம் இருக்கிறது என்பேன். இன்டர்நேஷனல் மாஸ்டருக்கு விளையாட்டு ஒதுக்கீட்டில் இடமும் வருகைப்பதிவில் தளர்வும் தரும் கல்லூரி கிடைத்தால் சேர்ந்துவிடட்டும். பி.காம். போல ஆய்வகம் இல்லாத படிப்பாக எடுத்தால் இரண்டு பயணத்துக்கும் இடமிருக்கும். முழுநேரம் ஆடுகிறேன் என்று உட்கார்ந்தவர்களில் பலர் காலை முழுவதும் எஞ்சின் (செஸ் ஆடும் கணினி நிரல்) காட்டும் நகர்த்தலைப் பார்த்துத் தலையாட்டிக்கொண்டிருப்பார்கள். நாளுக்கு நான்கு மணி நேரம் எஞ்சினை அணைத்துவிட்டு, பலகையில் காய்களை வைத்துத் தானே கணக்குப் போட்டுப் பார்ப்பது போதும். அவன் அப்பா கேட்கும் இரண்டு வருடத்தை 2500-ஐத் தாண்டிய பிறகு, 2600 தெரிகிறதா என்று பார்த்துக் கொடுக்கலாம்.

இன்னொன்று. நார்ம் கிடைத்தால், தலைமை நடுவர் கையெழுத்திட்ட ஐடி-1 சான்றிதழை வாங்காமல் அந்த ஊரைவிட்டுக் கிளம்ப வேண்டாம். அவன் பெயர், உலக செஸ் கூட்டமைப்பான ஃபிடே தந்த எண், எதிராளிகளின் பட்டங்கள் எல்லாம் சரியாக இருக்கிறதா என்று அங்கேயே பார்த்துவிட வேண்டும்.