காட்டு விலங்கு ஆய்வு என்றால் பெரும்பாலும் எச்சம் பொறுக்குவதுதான்

கேள்வி: காட்டு விலங்குகளை ஆராய்பவர்கள் தினமும் காட்டில் என்னதான் செய்வார்கள்? விலங்குகளைப் பார்த்துக்கொண்டே இருப்பார்களா?

பார்ப்பதைவிடப் பொறுக்குவதுதான் அதிகம். மசினகுடிப் பக்கம் செந்நாய் ஆய்வு ஒன்றில் இரண்டு வருடம் உதவியாளராக இருந்தேன். செந்நாயைக் கண்ணால் பார்த்த நாட்களை எண்ணிவிடலாம். அதன் எச்சம், அதாவது மலம், தேடிப் போகாத நாள் அபூர்வம்.

வண்டித்தடம் பிரியும் முக்குகளில் செந்நாய்க் கூட்டம் சேர்ந்தாற்போல் கழித்து வைக்கும். தேதியும் இடமும் எழுதிய காகித உறையில் எடுத்து வருவோம். சல்லடையில் போட்டு அலசினால் கசடெல்லாம் போய் மயிரும் எலும்புத் துணுக்கும் சில சமயம் குளம்பு நுனியும் மிஞ்சும். அந்த மயிர் செந்நாய் தின்ற இரையுடையது. எதைத் தின்றது என்று அறிய, காயவைத்து, மயிரை ஒவ்வொன்றாக நுண்ணோக்கியில் வைத்துப் பார்க்க வேண்டும். புள்ளிமான் மயிரின் உள்ளமைப்பு ஒரு விதம், கடமானுடையது வேறு விதம். முதல் மாதம் எனக்கு எல்லாம் ஒன்றாகவே தெரிந்தன. வித்தியாசம் பிடிபட்ட அன்று ராத்திரி சந்தோஷத்தில் தூக்கமே வரவில்லை.

என் தாத்தா மாடு மேய்த்தவர். "செந்நாய் உசுரோடயே திங்கும்டா, அந்தச் சாதியே இருக்கக் கூடாது" என்பார். உயிர் போகுமுன்பே தின்னத் தொடங்கும் என்பது நிஜம்தான். அந்த வெறுப்பு அவரோடு நிற்கவில்லை. 1972இல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வரும்வரை, செந்நாயைக் கொன்றால் அரசே சன்மானம் கொடுத்தது.

அந்தக் காலத்தை ஒட்டித்தான் நாங்குநேரிக்காரரான ஏ.ஜே.டி. ஜான்சிங், சிவகாசியில் கல்லூரி விலங்கியல் ஆசிரியராக இருந்தவர், கர்நாடகத்தின் பந்திப்பூர் காட்டுக்குப் போனார். 1976 முதல் 1978 வரை செந்நாய்களின் பின்னாலேயே நடந்தார். அவற்றின் முக்கிய இரை புள்ளிமான் என்று காட்டினார். பிறகு டேராடூனில் இந்திய வன உயிரின நிறுவனத்தில் எத்தனையோ பேருக்குக் களப்பணி கற்றுக்கொடுத்தார். ஆய்வுக் கட்டுரையோடு நிற்காமல் பொது வாசகர்களுக்கும் நிறைய எழுதினார். 2024இல் காலமானார். நான் நேரில் பார்த்ததில்லை. ஆனால் மாலையில் எவ்வளவு அசதியாக இருந்தாலும் அன்று கண்டதை அன்றே எழுதிவிடும் பழக்கம் அவரை வாசித்து வந்தது.

அப்படி எழுதி வைத்ததை ஒரு விடுமுறையில் தாத்தாவுக்கு வாசித்துக் காட்டினேன். வேட்டை முடிந்து வந்த செந்நாய்கள், தாய் மட்டுமல்ல, மற்றவையும், தின்ற இறைச்சியைக் கக்கிக் குட்டிகளுக்கு ஊட்டும் என்ற இடம் வந்தபோது கையைக் காட்டி நிறுத்தச் சொன்னார். கொஞ்ச நேரம் பேசவில்லை.

"எத்தன குட்டி போடும்?" என்று கேட்டார்.