டேப் எழுதும் செயலி படுத்துகிறதா? வாசகர் கேள்விகளும் பதில்களும்

கிட்டார் டேப் எழுதும் செயலிகளைப் பற்றி வந்த கேள்விகளில் திரும்பத் திரும்ப வருபவற்றை இங்கே எடுத்துக்கொண்டிருக்கிறேன். டேப் என்பது எந்தக் கம்பியில், எந்த ஃப்ரெட்டில் (கிட்டாரின் கழுத்திலுள்ள கட்டத்தில்) விரல் வைக்க வேண்டும் என்று எண்களால் காட்டும் முறை. எழுதியவர்களில் பெரும்பாலோர் கிட்டார் ப்ரோ, மியூஸ்ஸ்கோர், டக்ஸ்கிட்டார் மூன்றில் ஒன்றைப் பயன்படுத்துகிறார்கள். கிட்டார் ப்ரோ காசு கொடுத்து வாங்க வேண்டியது, மற்ற இரண்டும் இலவசம். மெனுக்களின் பெயர்கள் பதிப்புக்குப் பதிப்பு மாறுவதால், எதை அழுத்த வேண்டும் என்பதைவிட ஏன் அப்படி நடக்கிறது என்பதைத்தான் அதிகம் சொல்லப்போகிறேன். காரணம் பிடிபட்டுவிட்டால் மெனுவைத் தேடி எடுத்துவிடலாம்.

கிட்டார் ப்ரோவில் எழுதும்போது சில பார்கள் சிவப்பாகிவிடுகின்றன. ஃப்ரெட் எண்களைப் பலமுறை சரிபார்த்துவிட்டேன், எல்லாம் சரிதான். என்ன பிரச்சினை?

பிரச்சினை எண்ணில் இல்லை, நேரக்கணக்கில் இருக்கிறது. 4/4 என்று போட்டால் அந்தப் பார் (இரண்டு செங்குத்துக் கோடுகளுக்கு இடைப்பட்ட பகுதி) முழுவதும் சேர்ந்து நான்கு குவார்ட்டர் நோட், அதாவது நான்கு பீட் அளவு வர வேண்டும். குறைந்தாலும் கூடினாலும் சிவப்பு வரும்.

அநேகமாக இரண்டே காரணங்கள். ஒன்று, நோட்டின் நீளத்தை ஒன்றரை மடங்காக்கும் புள்ளியை விட்டிருப்பீர்கள். புள்ளி வைத்த குவார்ட்டர், ஒரு எய்த், இரண்டு குவார்ட்டர் என்று எழுத நினைத்தீர்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒன்றரை, அரை, ஒன்று, ஒன்று, மொத்தம் நான்கு. புள்ளி விட்டுப்போனால் மூன்றரைதான் வரும். இன்னொன்று ட்ரிப்லெட். மூன்று எய்த் நோட்டுகளை ட்ரிப்லெட்டாகக் குறித்தால் ஒரு பீட், குறிக்காவிட்டால் ஒன்றரை பீட். அந்த அரை பீட் கூடுதலாகிப் பார் வழிந்துவிடும். சிவப்பு, பார் தப்பு என்று மட்டும்தான் சொல்லும், எந்த நோட்டில் தப்பு என்று சொல்லாது. அதனால் பாரின் தொடக்கத்திலிருந்து வாயால் எண்ணிக்கொண்டே போங்கள், எண்ணிக்கை இடறும் இடத்தில் தவறு இருக்கும்.

பாட்டின் முதல் பார் மட்டும் சிவப்பு, அதுவும் பாடல் தாளத்துக்கு முன்பே எடுக்கிற பாடல் என்றால், அது தவறே இல்லை. அதைப் பிக்கப் பார் என்று குறித்துவிட்டால் போதும். மியூஸ்ஸ்கோரில் சிவப்பு வராது. அது பாரை வழிய விடாது, குறைந்த இடத்தில் தானாக ரெஸ்ட் (மௌனக் குறி) போட்டுவிடும். அதனால் அங்கே தவறு கண்ணில் படாமல் ஒளிந்திருக்கும். எதிர்பாராத ரெஸ்ட் தெரிந்தால் அங்கேதான் பாருங்கள்.

இணையத்தில் கிடைத்த மிடி ஃபைலைத் திறந்தேன். டேப்பில் 2-ஆம் ஃப்ரெட்டிலிருந்து 14-க்குத் தாவுகிறது, மறுபடி கீழே வருகிறது. வாசிக்கவே முடியவில்லை. ஃபைல் கெட்டுப்போனதா?

ஃபைல் நன்றாகத்தான் இருக்கிறது. மிடியில் எந்தக் கம்பி, எந்த ஃப்ரெட் என்ற விவரமே கிடையாது. எந்தச் சுருதி, எப்போது தொடங்கி எப்போது முடிந்தது, எவ்வளவு பலமாக வாசித்தது, இவ்வளவுதான் அதற்குத் தெரியும். மற்றதைச் செயலி ஊகிக்கிறது.

கிட்டாரில் இந்த ஊகம் ஏன் தவறுகிறது என்பதற்கு ஓர் உதாரணம் போதும். விரல் வைக்காமல் மீட்டும் முதல் கம்பியின் ஈ சுருதிக்கு மிடியில் எண் 64. அதே சுருதி இரண்டாம் கம்பியில் 5-ஆம் ஃப்ரெட்டிலும், மூன்றாம் கம்பியில் 9-இலும், நான்காம் கம்பியில் 14-இலும், ஐந்தாம் கம்பியில் 19-இலும் இருக்கிறது. 24 ஃப்ரெட் கிட்டார் என்றால் ஆறாம் கம்பியிலும் உண்டு. பியானோவில் இந்தச் சிக்கலே இல்லை, ஒரு சுருதிக்கு ஒரு கட்டைதான். உங்கள் கை எந்த இடத்தில் இருக்கிறது என்பது செயலிக்குத் தெரியாதபோது அது எதையாவது தேர்ந்தெடுக்கத்தான் செய்யும்.

நோட்டுகளை அழித்து மறுபடி எழுதாதீர்கள். நோட்டைத் தேர்ந்தெடுத்து அடுத்த கம்பிக்குத் தள்ளும் குறுக்குவிசை மூன்று செயலிகளிலும் இருக்கிறது. சுருதி அப்படியே இருக்க, ஃப்ரெட் எண் மட்டும் தானாக மாறும். முதலில் கை நிற்கும் இடத்தைத் தீர்மானியுங்கள், உதாரணமாக 5-இலிருந்து 8 வரை. அந்த நான்கு ஃப்ரெட்டுக்கு வெளியே போன நோட்டுகளை மட்டும் நகர்த்துங்கள். ஒரு பாடலுக்கு அரை மணி நேரம் இப்படி உட்கார்ந்தால் ஃப்ரெட்போர்டும் மனதில் பதியும். அதனால்தான் இதைத் தானாகச் செய்யும் வசதி இருந்தாலும் மாணவர்களைக் கையால் செய்யச் சொல்கிறேன்.

இன்னொன்று. மெலடி ட்ராக் திடீரென்று டிரம்ஸ் சத்தமாகக் கேட்டால், அது மிடியின் 10-ஆம் சேனலில் மாட்டியிருக்கிறது. அந்தச் சேனல் தாளக்கருவிகளுக்கு ஒதுக்கப்பட்டது. வேறு சேனலுக்கு மாற்றுங்கள்.

ட்யூனிங்கை டிராப் டி-க்கு மாற்றியதும் பேஸ் நோட்டுகள் எல்லாம் தப்பாகக் கேட்கின்றன.

ட்யூனிங்கை மாற்றும்போது ஃப்ரெட் எண்ணை வைத்துக்கொள்வதா, சுருதியை வைத்துக்கொள்வதா என்று முடிவு செய்ய வேண்டும். உங்கள் செயலி எண்ணை வைத்துக்கொண்டிருக்கிறது. டிராப் டி-யில் ஆறாம் கம்பி மட்டும் இரண்டு ஃப்ரெட் அளவு கீழே இறங்குகிறது. சாதாரண ட்யூனிங்கில் அந்தக் கம்பியின் 3-ஆம் ஃப்ரெட் ஜி. டிராப் டி-யில் அதே 3 எஃப் ஆகிவிடும், ஜி வேண்டுமானால் 5. மாற்றத்தை ரத்து செய்துவிட்டு, மறுபடி ட்யூனிங் பெட்டியைத் திறந்து சுருதியைக் காப்பாற்றும் தேர்வு இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் ஆறாம் கம்பியின் எண்களை மட்டும் இரண்டு கூட்டினால் போதும்.

எல்லாக் கம்பிகளையும் ஒரே ஃப்ரெட்டில் அழுத்திப் பிடிக்கும் கிளிப்பான கேப்போவிலும் இதே குழப்பம் வரும். கேப்போ போட்ட டேப்பில் எண்கள் கேப்போவிலிருந்து எண்ணப்படுகின்றன. கேப்போ 2 என்று ட்ராக்கில் குறித்துவிட்டு, நோட்டுகளையும் இரண்டு ஃப்ரெட் உயர்த்தினால் பாட்டு இரட்டிப்பாக மேலே போய்விடும்.

6/8 பாட்டுக்கு டெம்போ 120 போட்டால் நகரவே மாட்டேன் என்கிறது. மெட்ரோனோமில் 120 வைத்து வாசித்தால் சரியாக இருக்கிறதே?

செயலியின் 120 குவார்ட்டர் நோட்டுக்கானது. 6/8-இல் நாம் காலைத் தட்டுவதோ மூன்று எய்த்துக்கு ஒருமுறை, அதாவது புள்ளி வைத்த குவார்ட்டருக்கு. குவார்ட்டர் 120 என்றால் உங்கள் கால் தட்டு நிமிடத்துக்கு 80 ஆகிவிடுகிறது. டெம்போ பெட்டியில் புள்ளி வைத்த குவார்ட்டரைத் தேர்ந்தெடுத்து 120 கொடுங்கள், அல்லது குவார்ட்டருக்கு 180 கொடுங்கள். இரண்டும் ஒன்றுதான்.

மிஸ்ர சாபு எழுதுகிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. 7/8 என்று போட்டதோடு நிறுத்தாமல், நோட்டுகளை இணைக்கும் கோட்டுக் குழுக்களை 3, 4 என்று பிரித்துவிடுங்கள். கிட்டார் ப்ரோவிலும் மியூஸ்ஸ்கோரிலும் இதற்கு வசதி உண்டு. பிரித்தபிறகு தகிட, தகதிமி என்று பார்த்த மாத்திரத்தில் படிக்க வரும்.

கர்நாடக கீர்த்தனை ஒன்றை டேப்பாக எழுதுகிறேன். கமகங்களைப் பெண்டாக (கம்பியை வளைத்துச் சுருதியை ஏற்றும் குறியாக) போட்டால் பிளேபேக் கேட்கச் சகிக்கவில்லை.

நல்ல முயற்சி, விட்டுவிடாதீர்கள். மேண்டலினில் யு. ஸ்ரீநிவாஸும் கிட்டாரில் ஆர். பிரசன்னாவும் கர்நாடக இசையை ஃப்ரெட் வைத்த கருவிகளில் வாசித்துக் காட்டியவர்கள். வாசிப்பில் கைகூடுவது எழுத்தில் முழுதாக அடங்காது. கிட்டார் ப்ரோவின் பெண்ட் பெட்டியில் சுருதி எப்படி ஏறி இறங்க வேண்டும் என்று புள்ளிகளால் வரையலாம். ஆனால் அதன் உயரம் அரை ஃப்ரெட் அளவான படிகளில்தான் போகும். கமகம் அந்தப் படிகளுக்கு இடையில் வாழ்கிறது.

நான் சொல்லும் வழி இது. கமகம் வந்து நிற்கும் ஸ்வரத்தை டேப்பில் எழுதுங்கள். ஒரு ஸ்வரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிச் செல்லும் ஜாருவுக்கு ஸ்லைடு குறியைப் போடுங்கள், அது அநேகமாகச் சரியாகவே ஒலிக்கும். மேலிருந்து இறங்கும் அசைவுக்கு, முன்னமே வளைத்துவிட்டுத் தளர்த்தும் பெண்ட் பொருந்தும். மற்ற அசைவுகளைப் பிளேபேக்குக்குக் கொண்டுவரப் போராட வேண்டாம். பாடல் வரிக்கான இடத்தில் ஒவ்வொரு நோட்டுக்கும் கீழே ச, ரி, க, ம எழுதுங்கள். படிப்பவர் கீர்த்தனை தெரிந்தவர் என்றால் ஸ்வரத்தைப் பார்த்ததும் அசைவு கைக்கு வந்துவிடும். எந்த ராகம் என்று மேலே குறிக்க மறக்காதீர்கள், பெண்ட் குறிகளைவிட அது அதிகம் சொல்லும்.

தமிழில் எழுதிய பாடல் வரிகள், நண்பர் திறந்தபோது வெறும் கேள்விக்குறிகளாக இருந்தன.

கிட்டார் ப்ரோவின் ஜிபி5 வடிவத்தில் சேமித்திருப்பீர்கள். அந்தப் பழைய வடிவத்தில் ஓர் எழுத்துக்கு ஒரு பைட்தான் இடம், தமிழ் யூனிகோட் அதில் நுழையாது. புதிய ஜிபி வடிவத்திலோ மியூஸ்ஸ்கோரின் சொந்த வடிவத்திலோ சேமித்து அனுப்புங்கள். நண்பரிடம் பழைய செயலிதான் இருக்கிறது என்றால், கூடவே ஒரு பிடிஎஃப் அனுப்பிவிடுங்கள்.

புளூடூத் ஹெட்போனில் கேட்டால் கர்சர் முன்னே ஓடுகிறது, சத்தம் பின்னால் வருகிறது.

வயர் ஹெட்போனை மாட்டுங்கள். செயலியில் எந்தக் குறையும் இல்லை.

டக்ஸ்கிட்டாரில் சத்தமே வரவில்லை. லினக்ஸ் கணினி.

முதலில் ஏதாவது ஒரு ட்ராக்கில் சோலோ அழுத்தப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். காலியான ட்ராக் சோலோவில் இருந்தால் மற்றதெல்லாம் ஊமைதான். அது இல்லையென்றால், அமைப்புகளில் ஒலிப் பகுதிக்குப் போய் மிடி போர்ட் எதுவென்று பாருங்கள். ஒன்றும் தேர்வாகாமலிருந்தால் மிடியை ஒலியாக்கும் கெர்வில் அல்லது ஃப்ளூயிட்சின்த்தைத் தேர்ந்தெடுங்கள். ஃப்ளூயிட்சின்த் என்றால் ஒரு சவுண்ட்ஃபாண்ட் ஃபைலையும் காட்ட வேண்டும். வாத்தியங்களின் சத்தம் இருப்பது அதற்குள்தான்.

என் மெலடியைக் கீபோர்ட் வாசிக்கும் தங்கைக்குக் கொடுத்தேன். அவள் ஒரு ஸ்தாயி மேலே வாசிக்கிறாள்.

கிட்டார் நோட்டேஷன் ஒலிப்பதைவிட ஒரு ஸ்தாயி மேலே எழுதப்படுவது வழக்கம். இரண்டாம் கம்பியின் 1-ஆம் ஃப்ரெட் உண்மையில் கீபோர்டின் நடு சி. வரியின் தொடக்கத்திலுள்ள கிளெஃப் குறிக்கு அடியில் சின்ன 8 இருந்தால் ஒரு ஸ்தாயி கீழே வாசிக்கச் சொல்லுங்கள், அல்லது அவளுக்கென்று தனி ட்ராக்கில் பியானோவாக மாற்றிக் கொடுங்கள்.

மின்சாரம் போய்க் கணினி அணைந்தது. இப்போது ஃபைல் திறக்கவில்லை. இரண்டு வார வேலை, தயவுசெய்து வழி சொல்லுங்கள்.

முதலில் அந்த ஃபைலை நகல் எடுத்து வையுங்கள். இனி செய்வதெல்லாம் நகலில்தான். மியூஸ்ஸ்கோர் 4 என்றால் ஃபைல் இருந்த ஃபோல்டரிலேயே மறைந்த ஃபைல்களைக் காட்டச் சொல்லுங்கள், பேக்கப் என்ற பெயர் கொண்ட ஒரு ஃபோல்டர் தெரியும். முந்தைய சேமிப்பு அதில் இருக்கும், பெயரின் கடைசியிலுள்ள அலைக்குறியை நீக்கித் திறங்கள்.

கிட்டார் ப்ரோ 7 அல்லது 8 என்றால், ஜிபி ஃபைல் உண்மையில் ஒரு ஜிப் தொகுப்பு. நகலின் பெயர் முடிவை ஜிப் என்று மாற்றி, பழுதுபார்க்கும் வசதியுள்ள ஜிப் மென்பொருளில் திறந்து பாருங்கள். உள்ளே ஸ்கோர் என்று தொடங்கும் ஃபைலில்தான் நோட்டுகள் எல்லாம் எழுத்தாக இருக்கின்றன. அது முழுதாக வெளியே வந்தால் பாட்டு பிழைத்தது. புதிதாக ஒரு ஜிபி ஃபைலை உருவாக்கி, அதன் தொகுப்புக்குள் இதை மாற்றி வைத்துத் திறக்கலாம். ஃபைலின் அளவு பூஜ்யம் என்று காட்டினால் அதில் மீட்க எதுவும் இல்லை. அப்போது மின்னஞ்சலிலோ வாட்ஸ்அப்பிலோ யாருக்காவது அனுப்பிய பழைய நகல் இருக்கிறதா என்று தேடுங்கள்.