கிறிஸ் ஸ்டேபிள்டனின் ‘ஹையர்’ ஆல்பம்: கேள்வி பதில்

கன்ட்ரி என்ற அமெரிக்க நாட்டுப்புற வகை இசையின் பாடகர் கிறிஸ் ஸ்டேபிள்டனின் ஐந்தாவது ஸ்டுடியோ ஆல்பம் ‘ஹையர்’. 2023 நவம்பர் 10 அன்று மெர்குரி நாஷ்வில் நிறுவனம் வெளியிட்டது. மொத்தம் 14 பாட்டு. அதன் ஒலிப்பதிவு, வெளியீடு, விருதுகள், இசைத்தட்டு பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில்.

கவிதா: ‘வைட் ஹார்ஸ்’ பாட்டுக்கு 2024 பிப்ரவரியிலேயே ரெண்டு கிராமி கிடைச்சுது. அது இருக்கிற ஆல்பம் மட்டும் 2025 விழாவுலதான் போட்டிக்கு வந்துது. ஏன் சார் இந்தக் குழப்பம்?

கிராமிக்கு ஜனவரி முதல் டிசம்பர் வரை என்ற கணக்கு கிடையாது. 2024 விழாவுக்கு, 2022 அக்டோபர் 1 முதல் 2023 செப்டம்பர் 15 வரை வெளிவந்தவை மட்டும் தகுதி பெற்றன. ‘வைட் ஹார்ஸ்’ 2023 ஜூலையில் தனிப்பாட்டாக வந்ததால் உள்ளே நுழைந்துவிட்டது. ஆல்பம் நவம்பரில் வந்ததால் அடுத்த ஆண்டுக் கணக்குக்குப் போனது. அந்த 2025 விழாவில் சிறந்த கன்ட்ரி ஆல்பம் விருது பியான்சேயின் ‘கவ்பாய் கார்ட்டர்’ ஆல்பத்துக்குப் போனது. ‘ஹையர்’ ஆல்பத்தின் ‘இட் டேக்ஸ் எ வுமன்’ பாட்டு சிறந்த தனிக்குரல் கன்ட்ரி விருதை வாங்கியது. கன்ட்ரி இசையின் தலைநகரான நாஷ்வில்லில் முதல் தனிப்பாட்டை ஆல்பத்துக்குப் பல மாதம் முன்னதாக விடுவார்கள். முக்கியக் காரணம் வானொலி. கன்ட்ரி வானொலியில் ஒரு பாட்டு மேலே ஏற மாதக்கணக்கில் ஆகும், அதனால் ஆல்பம் கடைக்கு வரும்போது அந்தப் பாட்டு ஏற்கெனவே காதில் பழகியிருக்க வேண்டும்.

செந்தில்: இவர் ஆல்பங்களில் எல்லோரும் ஒரே அறையில் உட்கார்ந்து வாசித்தது போலக் கேட்கிறது. நிஜமாகவே அப்படித்தானா, இல்லை மிக்ஸிங்கில் வரவழைத்ததா?

நிஜம்தான். தயாரிப்பாளர் டேவ் காப் பெயர் வாங்கியதே இந்த முறைக்குத்தான். ‘ஹையர்’ ஆல்பத்தை அவர், கிறிஸ், கிறிஸின் மனைவி மோர்கன் ஆகிய மூவரும் சேர்ந்து தயாரித்தார்கள். நாஷ்வில்லின் ஆர்சிஏ ஸ்டுடியோ ஏ இவர்களுடைய வீட்டுக்கூடம் மாதிரி. 2017இல் வந்த ‘ஃப்ரம் ஏ ரூம்’ இரண்டு ஆல்பங்களின் பெயரிலும் இருக்கும் ‘ஏ’ அந்த ஸ்டுடியோதான். 1960களின் நடுவில் பெரிய வாத்தியக் குழுவை உட்காரவைத்துப் பதிவு செய்யக் கட்டிய அறை அது. 2014இல் அதை இடித்துவிட்டு அடுக்குமாடி கட்டப்போகிறார்கள் என்ற நிலை வந்தது. இசைக்காரர்கள் குரல் கொடுத்த பிறகு, பழைய கட்டடங்களைக் காப்பாற்றும் ஆர்வலர்கள் வாங்கி நிறுத்தினார்கள்.

ஒரே அறையில் வாசிக்கும்போது டிரம்ஸ் ஓசை குரல் மைக்கிலும் கொஞ்சம் விழும், கிட்டார் ஓசை டிரம்ஸ் மைக்கிலும் விழும். நீங்கள் சொல்லும் அந்த ‘அறை’ உணர்வு இந்தக் கசிவால்தான் வருகிறது. ஆபத்தும் அதிலேயே இருக்கிறது. பேஸ் கிட்டார்காரர் ஒரு இடத்தில் பிசகினால் அந்த ஒரு தடத்தை மட்டும் அழித்துத் திருத்த முடியாது. மற்ற மைக்குகளில் பழைய தவறு மெல்லிசாகக் கேட்டுக்கொண்டே இருக்கும். பெரும்பாலும் எல்லோரும் மறுபடி முதலிலிருந்து வாசிப்பார்கள். பாடகரின் குரலும் அந்த ஓட்டத்திலேயே பதிவாகிறது என்றால், பாடகர் தயாராக இருந்தாக வேண்டும். ஸ்டேபிள்டன் தயாராக இருப்பவர். அவருடைய ஆல்பங்கள் இவ்வளவு உயிரோடு இருப்பதற்கு இதைவிடப் பெரிய காரணம் எனக்குத் தெரியவில்லை.

பிரபு: நாஷ்வில் வாத்தியக்காரர்கள் நோட்ஸ் பார்ப்பதில்லை, எண்களைப் பார்த்தே வாசிப்பார்கள் என்கிறார்களே?

1950களின் கடைசியில் ஜார்டனேர்ஸ் என்ற பாடகர் குழுவின் நீல் மேத்யூஸ் தொடங்கிய முறை அது. சுருதியின் முதல் ஸ்வரத்தில் கட்டிய கார்டு (சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரக் கூட்டு) 1, அடுத்தது 2, இப்படி 7 வரை. மைனர் என்றால் எண்ணுக்குப் பக்கத்தில் ஒரு கோடு. எண்ணைச் சுற்றி சாய்சதுரம் போட்டிருந்தால் ஒரு தட்டு தட்டி, பார் (ஒரு தாளச் சுற்று) முழுக்க நீள விட வேண்டும்.

ஸ்டேபிள்டன் பாடிய ‘டென்னஸி விஸ்கி’யையே எடுத்துக்கொள்ளுங்கள். ஏ சுருதி. ஏ மேஜர், பி மைனர் என்று இரண்டே கார்டு. தாளில் 1, 2- என்று மாற்றி மாற்றி வரும், அவ்வளவுதான். உங்கள் குரலுக்கு ஏ உச்சமாக இருந்தால் ஜி சுருதி என்று சொன்னால் போதும். தாளில் ஒரு எழுத்தும் மாறாது, கை தானாக ஜி மேஜர், ஏ மைனருக்குப் போகும். நம் ஊர்ப் பாடகர் கட்டையை இறக்கிக்கொள்வது போலத்தான். ஸ்டுடியோவில் ஒரு செஷன் 3 மணி நேரம். வழக்கமான வேளை காலை 10, மதியம் 2, மாலை 6. பாட்டை ஒரு தடவை கேட்டுக்கொண்டே எண்களை எழுதி முடித்துவிடுவதால் அந்த நேரம் வாசிப்பதற்கே மிஞ்சுகிறது.

ஜெயந்தி: பாட்டுக்குப் பின்னால் அழுவது மாதிரி வழுக்கிக்கொண்டு போகும் வாத்தியம் என்ன?

பெடல் ஸ்டீல் கிட்டார். மேஜை மாதிரி படுக்கை வசத்தில் இருக்கும், 10 தந்தி. இடது கையில் உருக்குத் தண்டு, வலது கை விரல்களில் நகக்கவ்வி, இடது காலுக்கு மூன்று பெடல், முழங்காலால் தள்ள நெம்புகோல்கள். கன்ட்ரியில் வழக்கமான சுருதி ஈ9. அந்த ‘அழுகை’ எங்கிருந்து வருகிறது பாருங்கள்: முதல் பெடலை மிதித்தால் பி தந்தி சி ஷார்ப்புக்கு ஏறும், இரண்டாவதை மிதித்தால் ஜி ஷார்ப் தந்தி ஏ ஆகும். ஈ தந்தி அசையாது. தண்டை நகர்த்தாமலே ஈ மேஜர் கார்டு ஏ மேஜராக உருகி மாறிவிடுகிறது. ஒரு ஸ்வரம் நிற்க, மற்ற இரண்டும் மெதுவாக ஏறுவதைத்தான் காது அழுகையாகக் கேட்கிறது.

அருண்: ‘ஹையர்’ நம் ஊரில் அமெரிக்காவுக்கு முன்னாலேயே வந்துவிட்டது என்றார் நண்பர். சரியா?

ஸ்ட்ரீமிங்கில் புது ஆல்பம் பொதுவாக அந்தந்த நாட்டின் நள்ளிரவு 12 மணிக்குத் திறக்கும். ‘ஹையர்’ வந்த நவம்பர் 10 வெள்ளிக்கிழமை, அதனால் நண்பர் சொன்னது சரிதான். இந்தியாவில் வெள்ளி பிறக்கும்போது நாஷ்வில்லில் நவம்பர் மாதத்தில் வியாழன் மதியம் 12.30. வெள்ளிக்கிழமை வெளியீடு என்ற உலகப் பொது வழக்கம் 2015 ஜூலை 10இல்தான் வந்தது. அதற்கு இரண்டு மாதம் முன்பு, 2015 மே 5 அன்று, பழைய அமெரிக்க வழக்கப்படி செவ்வாய்க்கிழமை வந்தது இவருடைய முதல் ஆல்பம் ‘டிராவலர்’.

மணி: ‘டிராவலர்’ வந்தவுடனே ஹிட் ஆகவில்லை என்று படித்தேன். அப்புறம் எப்படி முதலிடம்?

வந்த வாரம் பரவாயில்லை, பிறகு அமெரிக்க ஆல்பங்களின் வாராந்தர வரிசையான பில்போர்டு 200 பட்டியலைவிட்டே இறங்கிவிட்டது. 2015 நவம்பர் 4, சிஎம்ஏ (கன்ட்ரி இசைச் சங்கம்) விருது விழா. அன்று ஸ்டேபிள்டனுக்கு மூன்று விருது. அதோடு ஜஸ்டின் டிம்பர்லேக்குடன் மேடையில் ‘டென்னஸி விஸ்கி’. அந்த வாரமே ஆல்பம் பட்டியலுக்குள் திரும்பி, நேராக முதலிடத்தில் உட்கார்ந்தது. அந்தப் பாட்டு 1981இல் டேவிட் ஆலன் கோ, 1983இல் ஜார்ஜ் ஜோன்ஸ் எனப் பலர் பாடிய பழைய பாட்டு. கன்ட்ரி ஆல்பத்தை முதல் வார எண்ணிக்கையை வைத்துத் தள்ளிவிடாதீர்கள் என்று சொல்வது இதனால்தான். ‘ஹையர்’ ஆல்பத்துக்கும் ஏசிஎம் (கன்ட்ரி இசை அகாடமி) அமைப்பின் ஆண்டின் சிறந்த ஆல்பம் விருது கிடைத்தது 2024 மே மாதத்தில்.

நசீர்: அந்த முதல் வார எண்ணிக்கையை எப்படிக் கணக்கிடுகிறார்கள்?

வெள்ளி முதல் வியாழன் வரை ஒரு வாரம். விற்பனையையும் கேட்பதையும் ஆல்பம் அலகாக மாற்றிக் கூட்டுவார்கள். ‘ஹையர்’ வந்தபோது இருந்த கணக்கு: முழு ஆல்பம் ஒன்று விற்றால் 1, தனிப்பாட்டு 10 விற்றால் 1, சந்தா கட்டியவர்கள் 1,250 முறை கேட்டால் 1, விளம்பரத்தோடு இலவசமாகக் கேட்பவர்கள் என்றால் 3,750 முறை.

தினேஷ்: ‘ஹையர்’ இரட்டை இசைத்தட்டு வாங்கினேன். ஒவ்வொரு பக்கத்தின் கடைசிப் பாட்டிலும் ‘ஸ்’ வரும் இடமெல்லாம் கரகரக்கிறது. தட்டு பழுதா?

முதலில் ஊசியைப் பாருங்கள். தட்டு ஒரே வேகத்தில், நிமிடத்துக்கு 33⅓ சுற்று, சுற்றினாலும் வெளி ஓரத்தில் ஊசிக்கடியில் விநாடிக்குச் சுமார் 50 செ.மீ. பள்ளம் ஓடும். லேபிள் பக்கத்தில் அது 20 செ.மீ. அளவுக்கு வந்துவிடும். அதே ‘ஸ்’ பாதிக்கும் குறைவான இடத்தில் நெருக்கிப் பதிந்திருக்கும். ஒரு பக்கத்தில் 22 நிமிடத்துக்கு மேல் திணித்தால் இன்னும் மோசம். ஐம்பது நிமிடம் தாண்டும் ஆல்பத்தை இரண்டு தட்டாகப் போடுவது காசு பிடுங்க அல்ல, அது சரியான முடிவு.

செய்ய வேண்டியது: ஊசி முனையைக் கார்பன் தூரிகையால் பின்னிருந்து முன்னாக மட்டும் துடையுங்கள். ஊசி தட்டை அழுத்தும் எடையைத் தராசில் பாருங்கள். கார்ட்ரிட்ஜ் (ஊசி பொருந்தியிருக்கும் பாகம்) ஆடியோ டெக்னிக்கா விஎம்95இ என்றால் 2 கிராம். பயந்துகொண்டு குறைத்து வைப்பதுதான் பலர் செய்யும் தவறு, எடை குறைந்தால் ஊசி பள்ளத்தில் துள்ளி இன்னும் கரகரக்கும். பிறகு கோணம் பார்க்கும் புரொட்ராக்டர் அட்டையை வைத்து கார்ட்ரிட்ஜ் கோணலாக இல்லையா என்று இரண்டு புள்ளிகளிலும் சரிபாருங்கள். அப்புறமும் கரகரப்பு இருந்தால் அதே கார்ட்ரிட்ஜில் மைக்ரோலைன் என்ற இன்னும் நுண்ணிய முனை கொண்ட ஊசியை மட்டும் மாற்றிக்கொள்ளலாம்.

இன்னொன்றையும் சோதியுங்கள். பெடல் ஸ்டீல் ஒரே ஸ்வரத்தை நீட்டிப் பிடிக்கும் இடத்தைப் போட்டு, ஊசிக்கையைப் பக்கத்திலிருந்து கவனியுங்கள். ஒவ்வொரு சுற்றுக்கும் கை இடமும் வலமும் ஆடி, ஸ்வரமும் கூடவே ஏறி இறங்கினால் நடுத்துளை விலகி அச்சாகியிருக்கிறது. அதை எந்த ஊசியாலும் சரிசெய்ய முடியாது. கடைக்காரர் தரும் கெடு முடிவதற்குள், ஊசிக்கை ஆடுவதை வீடியோ எடுத்து அனுப்பி வேறு தட்டு கேளுங்கள்.