டுவோமோ வாசல்ல க்யூவா, டூரா? வாசகர் கேள்வி பதில்

இந்த தடவை வந்த கேள்விகள்ல பாதிக்கு மேல இத்தாலி. அதுலயும் ஃப்ளாரன்ஸ் டுவோமோ, அதாவது அந்த ஊரோட பெரிய கதீட்ரல் பத்தியே இத்தனை பேர் கேட்டிருக்கீங்க, அதனால அதை மட்டும் எடுத்துக்குறேன். மிலான், வெனிஸ் கேட்டவங்க கோவிச்சுக்காதீங்க, அடுத்த இதழ்ல பார்ப்போம்.

அக்கா, நாங்க குடும்பமா ஃப்ளாரன்ஸ் போறோம். டுவோமோவுக்கு 'ஸ்கிப் தி லைன் கைடட் டூர்'னு ஆளாளுக்கு ஒரு ரேட் போட்டிருக்காங்க. ஆனா கதீட்ரல் உள்ள போக டிக்கெட்டே கிடையாது, ஃப்ரீதான்னு என் ஃப்ரெண்ட் அடிச்சு சொல்றா. ஃப்ரீயா விடுற எடத்துக்கு எதுக்கு காசு? ஏமாத்து வேலையா இது?

உங்க ஃப்ரெண்ட் சொல்றது நூத்துக்கு நூறு உண்மை. சான்டா மரியா தெல் ஃபியோரே கதீட்ரலுக்குள்ள போக காசு இல்ல. ஆனா ஃப்ரீங்கறதாலயே ஒரு சிக்கல், தனியா போறவங்களுக்கு முன்கூட்டி புக் பண்ற வழி இல்ல, வந்தவங்க வந்த வரிசையில நிக்கணும், கோடை சீசன்ல அந்த வரிசை கட்டடத்தை ஒட்டியே பக்கவாட்டுல திரும்பி போய்க்கிட்டே இருக்கும், நிழலும் பெருசா கிடையாது. டூர் க்ரூப்பா போனா அந்த நிக்கிற நேரம் மிச்சம், கூட ஒருத்தர் கதை சொல்லிக்கிட்டு வருவார். தர்ம தரிசனம், ஸ்பெஷல் தரிசனம் மாதிரிதான், உள்ள இருக்குற சாமி ஒண்ணுதான். ஏமாத்துன்னு சொல்ல மாட்டேன்.

ஆனா புக் பண்றதுக்கு முன்னாடி ஒரு விஷயம் புரிஞ்சுக்கணும். டுவோமோன்னு ஒரே பேர்ல சொல்றோமே தவிர அங்க இருக்குறது தனித்தனி இடங்க. கதீட்ரல் ஒண்ணு, அதுக்கு மேல புருனெல்லெஸ்கிங்கற கட்டடக்கலைஞர் கட்டின டோம் (குவிமாடம்) ஒண்ணு, பக்கத்துல ஜோட்டோவோட மணிக்கூண்டு, எதிர்ல எட்டுப்பட்டையா இருக்குற பாப்டிஸ்ட்ரி (ஞானஸ்நானம் குடுக்குற கட்டடம்), பின்னாடி மியூசியம், கதீட்ரல் தரைக்கு அடியில பழைய சான்டா ரெபராட்டா சர்ச்சோட மிச்சம். கதீட்ரல் தவிர எல்லாத்துக்கும் டிக்கெட் உண்டு. அதை பாஸா விக்கிறாங்க, புருனெல்லெஸ்கி பாஸ், ஜோட்டோ பாஸ், கிபெர்ட்டி பாஸ்னு மூணு, 2024ல 30, 20, 15 யூரோ இருந்துச்சு, 3 நாளைக்கு செல்லும், டோம் ஏறுறது 30 யூரோ பாஸ்ல மட்டும்தான் வரும்.

இப்ப டூர் விளம்பரத்தை திரும்ப படிங்க. 'டுவோமோ டூர்'னு பெருசா போட்டுட்டு கீழ சின்ன எழுத்துல 'டோம் ஏறுவது சேராது'ன்னு இருக்கும், இன்னும் சில டூர்ல கதீட்ரலுக்கு உள்ளயே போகாம வெளிய சதுக்கத்துல நின்னு கதை சொல்லி முடிச்சிருவாங்க. இன்னொண்ணு, டோமுக்கு யாரா இருந்தாலும் நாளும் நேரமும் குறிச்சுதான் டிக்கெட். அதனால 'டோமுக்கு ஸ்கிப் தி லைன்'னு தனியா பெருமை அடிச்சுக்குறதுல ஒண்ணும் இல்ல, எல்லாருக்கும் கிடைக்கிற ஸ்லாட்டைத்தான் அழகா பேர் வச்சு விக்கிறாங்க. பாதுகாப்பு சோதனையை எந்த டிக்கெட்டாலயும் தாண்ட முடியாது, அதையும் தெரிஞ்சுக்கங்க.

என் கணக்கு இதுதான். வரிசையை தாண்டுறதுக்காக மட்டும் காசு குடுக்காதீங்க. கைடுக்காக குடுங்க. ஏன்னு அடுத்த கேள்வியில வருது.

எங்க மாமா மாமி போயிட்டு வந்தாங்க. வெளிய அவ்வளவு அழகு, உள்ள போனா காலி ஹால் மாதிரி வெறிச்சோடி கெடக்கு, பத்து நிமிஷத்துல வெளிய வந்துட்டோம்னு சொன்னாங்க. அப்படியா?

அவங்க சொன்னதுல தப்பில்ல, கைடு இல்லாம போனா நிறைய பேருக்கு அப்படித்தான் தோணும். வெளிப்பக்கம் வெள்ளை, பச்சை, சிவப்பு மார்பிள்ல ஜொலிக்கும், உள்ள பெரிய வெற்றிடம். முக்கியமான சிற்பங்களை எல்லாம் காலப்போக்குல மியூசியத்துக்கு எடுத்துட்டு போயிட்டாங்க. (அந்த ஜொலிக்கிற முகப்பு, கதீட்ரல் வயசுக்கு ரொம்ப புதுசு. 1296ல ஆரம்பிச்ச கட்டடம், பாதியில நின்ன பழைய முகப்பை 1587ல இடிச்சாங்க, அப்புறம் முந்நூறு வருஷம் மொட்டையாவே நின்னு, இப்ப நாம ஃபோட்டோ எடுக்குற முகப்பு 1887லதான் முடிஞ்சுது. இதை நிறைய பேர் கவனிக்கிறதே இல்ல.)

ஆனா வெறுமைன்னு நினைக்கிற எடத்துல எவ்வளவு கெடக்கு தெரியுமா. வாசல் வழியா உள்ள போனதும் எல்லாரும் முன்னாடி பார்த்து நடப்பாங்க, நீங்க திரும்பி வாசலுக்கு மேல பாருங்க, உச்செல்லோங்கற ஓவியர் 1443ல வரைஞ்ச கடிகாரம் இருக்கு. 24 மணி நேரம், ஒரே முள்ளு, நம்ம கடிகாரத்துக்கு எதிர்திசையில சுத்தும், நாளை சூரியன் மறையுறதுல இருந்து எண்ணும். இன்னிக்கும் ஓடுது. இடது பக்க சுவர்ல இத்தாலியக் கவிஞர் தாந்தே படம், 1465ல வரைஞ்சது, அவர் பக்கத்துல ஃப்ளாரன்ஸ் ஊரு, அதுல இந்த டோமும் நிக்குது, ஆனா தாந்தே செத்தது 1321ல, டோம் வேலை ஆரம்பிக்கவே அதுக்கப்புறம் நூறு வருஷம் ஆச்சு!

அப்புறம் கொலை. 1478 ஏப்ரல் 26, ஞாயித்துக்கிழமை, உள்ள பூசை நடந்துக்கிட்டிருக்கும்போதே பாட்ஸிங்கற எதிரிக் குடும்பத்து ஆளுங்க, ஊரையே கையில வச்சிருந்த மெடிசி குடும்பத்து அண்ணன் தம்பி ரெண்டு பேர் மேலயும் பாய்ஞ்சாங்க. தம்பி ஜூலியானோ அங்கேயே குத்துப்பட்டு செத்தார், அண்ணன் லொரென்சோ கழுத்துல காயத்தோட ஓடி பக்கத்துல இருந்த சாக்ரிஸ்டிக்குள்ள (பாதிரியார்கள் பூசைக்கு தயாராகுற அறை) புகுந்து வெண்கலக் கதவை சாத்திக்கிட்டு தப்பிச்சார். ஊரே மெடிசி பக்கம் நின்னு சதிகாரங்களை தேடிப்பிடிச்சு தூக்குல போட்டுச்சு. நல்ல கைடு உங்களை எங்க நிக்க வச்சு இதை சொல்றாருங்கறதுலதான் நீங்க குடுத்த காசு வசூலாகும்.

மாமா மாமி மியூசியத்துக்கு போகலன்னு நினைக்கிறேன். போயிருந்தா காலின்னு சொல்லிருக்க மாட்டாங்க. மைக்கேலாஞ்சலோ வயசான காலத்துல தன் சமாதிக்குன்னு செதுக்க ஆரம்பிச்சு, கோவத்துல தானே சுத்தியலால உடைச்ச பியத்தா (செத்த யேசுவை தாங்கிப் பிடிச்சிருக்குற சிலை) அங்க இருக்கு, யேசுவோட ஒரு கால் இல்லாமலே நிக்கும். டோனடெல்லோ மரத்துல செஞ்ச மக்தலேனா மரியாள் சிலை, எலும்பும் தோலுமா, பார்த்தா ஒரு நிமிஷம் பேச்சு வராது. பாப்டிஸ்ட்ரிக்கு கிபெர்ட்டி 1425ல இருந்து 1452 வரைக்கும் உக்காந்து செஞ்ச தங்க முலாம் கதவு, 'சொர்க்க வாசல்'னு சொல்வாங்களே, அதோட ஒரிஜினலும் உள்ளதான் இருக்கு. வெளிய எல்லாரும் முண்டியடிச்சு செல்ஃபி எடுக்குறது நகல்.

அப்பாவுக்கு 68 வயசு, முட்டி வலி உண்டு, ஆனா டோம் மேல ஏறியே தீருவேன்னு அடம் பிடிக்கிறார். கைடு கூட போனா லிஃப்ட்ல விடுவாங்களா?

இல்லம்மா. பார்வையாளருக்கு லிஃப்ட்டே கிடையாது, கைடு வந்தாலும் கால்தான். 463 படி. படிக்கட்டு குறுகலா, சில எடத்துல ஆள் ஒருத்தர் மட்டும் போற அகலம், மேல போகப் போக டோமோட வளைவுக்கு ஏத்த மாதிரி சாய்ஞ்சுக்கிட்டே ஏறணும், பாதியில முடியலன்னு திரும்புறதும் சுலபம் இல்ல, பின்னாடி ஆள் வந்துக்கிட்டே இருக்கும். இதய நோய், மூச்சு திணறல், தலைசுத்தல், உயரம்னா பயம் இருக்குறவங்க, கர்ப்பிணிங்க ஏற வேண்டாம்னு அங்கேயே சொல்றாங்க. முட்டி வலியோட அப்பாவை ஏத்த வேணாம், அவர் கோவிச்சாலும் பரவாயில்ல.

அதுக்கு பதிலா மியூசியத்துக்கு கூட்டிட்டு போங்க, அங்க லிஃப்ட் இருக்கு, மேல் மாடத்துல இருந்து டோம் கண்ணுக்கு நேரா பெருசா தெரியும், உக்காந்து ஆற அமர பார்க்கலாம். நீங்க ஏறி இறங்குற நேரத்துக்கு அவருக்கு அதுவே சரியா இருக்கும்.

நான் சிவில் இன்ஜினியரிங் படிக்கிறேன். டோமை சாரமே இல்லாம கட்டினாங்க, முட்டையை வச்சு போட்டியில ஜெயிச்சாங்கன்னு எல்லா வீடியோலயும் சொல்றாங்க. எது நிஜம்?

தம்பி, முட்டைக்கதை, கலைஞர்களோட வாழ்க்கைக்கதையை எழுதின ஓவியர் வசாரி எழுதி வச்சது, சம்பவம் நடந்து நூறு வருஷத்துக்கு மேல ஆனப்புறம். முட்டையை யார் நிமித்தி நிக்க வைக்கிறாங்களோ அவங்க கட்டட்டும்னு புருனெல்லெஸ்கி சொல்லி, அடியை லேசா தட்டி உடைச்சு நிக்க வச்சாராம். இதே கதையை கொலம்பஸ் பேர்லயும் சொல்றாங்க, அதனால ரசிக்க மட்டும் வச்சுக்க. (இதே வசாரிதான் பின்னாடி டோமோட உள்பக்கத்துல கடைசித் தீர்ப்பு ஓவியத்தை 1572ல ஆரம்பிச்சவர், அவர் செத்ததும் சுக்காரி 1579ல முடிச்சார்.)

சாரம் விஷயம் கொஞ்சம் குழப்பி சொல்றாங்க. வேலை செய்றவங்க நிக்கிறதுக்கு மேடை எல்லாம் இருந்துச்சு. இல்லாதது சென்டரிங், அதாவது வளைவு காயுற வரைக்கும் கீழ இருந்து தாங்குற மரக்கட்டமைப்பு. தரையில இருந்து 50 மீட்டருக்கு மேல, 40 மீட்டருக்கும் அதிக அகலத்துல எட்டுப்பட்டை ஓட்டை, அதுக்கு கீழ இருந்து மரம் குடுக்கணும்னா காடு காடா வெட்டணும். டோம் எந்த உருவத்துல வரணும்னு 1367லயே முடிவு பண்ணிட்டாங்க, எப்படி கட்டுறதுன்னுதான் ஒருத்தருக்கும் தெரியல, அப்படியே திறந்து போட்டுட்டு காத்துக்கிட்டிருந்தாங்க, அந்த தைரியத்தை என்னன்னு சொல்றது. 1418ல போட்டி வச்சாங்க, 1420ல வேலை ஆரம்பிச்சு 1436ல மூடினாங்க.

அவர் பண்ணினது என்னன்னா, ஒண்ணுக்குள்ள ஒண்ணா ரெண்டு ஓடு, உள் ஓடு தடிமனா, வெளி ஓடு மெல்லிசா, நடுவுல இடைவெளி, அதனால எடை குறையும். ரெண்டையும் விலா எலும்பு மாதிரி சுவர்கள் இணைக்கும். டோம் பக்கவாட்டுல விரியாம இருக்க கல்லை இரும்பால கோத்து சுத்தி சங்கிலி மாதிரி வளையம் போட்டிருக்கார், மரத்துலயும் ஒரு வளையம் உண்டு. செங்கல்லை ஹெரிங்போன் முறையில, படுக்கை வரிசைக்கு நடுவுல நடுவுல செங்குத்தா செருகி அடுக்கினதால ஈரச் சுண்ணாம்பு சரியாம பிடிச்சுக்கிச்சு, ஒவ்வொரு சுத்தும் முடியும்போது அது தன்னைத்தானே தாங்கிக்கும். மேல பாரம் தூக்க மாடு பூட்டின ஒரு மெஷினும் செஞ்சார், மாட்டை திருப்பி கட்டாமலே கியரை மாத்தி ஏத்தவும் இறக்கவும் செய்யலாம். எனக்கு டோமை விட அந்த கியர்தான் பிடிக்கும்.

நீ கண்டிப்பா ஏறிப் பாரு. அந்த 463 படியில பெரும்பகுதி போறதே அந்த ரெண்டு ஓட்டுக்கும் நடுவுலதான், செங்கல் அடுக்கு கைக்கெட்டுற தூரத்துல தெரியும். மத்தவங்க மூச்சு வாங்கிக்கிட்டு எப்ப உச்சி வரும்னு போவாங்க, உனக்கு நடுவழிதான் முக்கியம். வழியில ஓவியத்துக்கு அடியில ஒரு பால்கனி வழியா போவாங்க, அங்க நின்னா கதீட்ரல் தரை எவ்வளவு கீழ இருக்குன்னு தெரியும். இறங்கினப்புறம் சான்டா ரெபராட்டா பக்கம் போனா புருனெல்லெஸ்கியோட கல்லறை இருக்கு, அது எங்கன்னே தெரியாம போய் 1972லதான் கண்டுபிடிச்சாங்க.

ஷார்ட்ஸ் போட்டா விடமாட்டாங்களாமே? பேக்பேக்கை என்ன பண்றது? புடவையில போகலாமா?

தோளும் முட்டியும் மூடியிருக்கணும், ஆணோ பெண்ணோ. காசு கட்டின டூர்லயே வந்திருந்தாலும் வாசல்ல நிறுத்திருவாங்க, டூர்காரர் ஒண்ணும் பண்ண முடியாது. ஒரு ஷால் பையில இருந்தா போதும். பெரிய பை, சூட்கேஸ் உள்ள விடமாட்டாங்க, டிக்கெட் வச்சிருக்கவங்களுக்கு பக்கத்துலயே லக்கேஜ் வைக்கிற இடம் இருக்கு, அங்க வச்சுட்டு வர்ற நேரத்தையும் கணக்குல சேர்த்துக்கங்க, ஏன்னா டோம் ஸ்லாட்டுக்கு லேட்டா போனா டிக்கெட் போனது போனதுதான். புடவை கதீட்ரலுக்கு ஓகே, டோம் படிக்கு வேணாம், சுடிதார் போட்டுக்கங்க.

ஞாயித்துக்கிழமை ஒரு நாள்தான் ஃப்ளாரன்ஸ்ல இருப்போம். பார்க்க முடியுமா?

கதீட்ரல் உள்பக்கம் அன்னிக்கு வழிபாட்டுக்கு மட்டும்தான், சுத்திப் பார்க்க விடமாட்டாங்க. முடிஞ்சா நாளை மாத்துங்க. முடியலன்னா மணிக்கூண்டு, மியூசியம் எல்லாம் பார்க்கலாம், டோமும் ஞாயிறு குறைஞ்ச நேரத்துக்கு உண்டு, அன்னிக்கு நேரம் என்னன்னு டுவோமோவோட சொந்த வெப்சைட்லயே பார்த்துக்கங்க. இன்னொரு விஷயம், பாப்டிஸ்ட்ரி கூரையோட மொசைக்ல 2023ல இருந்து பராமரிப்பு வேலை நடக்குது, சாரம் கட்டியிருக்காங்க, மொசைக்குக்காகவே போறவங்க அதையும் விசாரிச்சுட்டு போங்க.

டோம், மணிக்கூண்டு ரெண்டுல ஒண்ணுதான் ஏற முடியும்னா எது?

கட்டட விஷயத்துல ஆர்வம் இருந்தா டோம். நல்ல ஃபோட்டோ வேணும்னா மணிக்கூண்டு, 414 படி, நடு நடுவுல தளம் இருக்கு, நின்னு மூச்சு வாங்கிக்கலாம், மேல போனா டோம் எதிர்லயே நிக்கும். டோம் மேல ஏறிட்டா டோம் ஃபோட்டோல வராதே!

சதுக்கத்துல நின்னுக்கிட்டு 'ஸ்கிப் தி லைன், ஸ்கிப் தி லைன்'னு கூப்பிடுறவங்ககிட்ட டிக்கெட் வாங்கலாமா?

வேணாம். டோம் ஸ்லாட் வெப்சைட்ல தீர்ந்து போச்சுன்னா, ஏற்கனவே ரிவ்யூ பார்த்து வச்சிருக்குற டூர் கம்பெனிகிட்ட மிச்சம் இருக்கான்னு கேளுங்க, சில நேரம் அவங்ககிட்ட கிடைக்கும். ரோட்டுல நீட்டுற பேப்பர்ல எந்த கட்டடத்துக்கு, எத்தனை மணிக்குன்னு ரெண்டும் தெளிவா இருக்கான்னு பார்க்குறதுக்குள்ள காசை வாங்கிருவாங்க.