லண்டன் கேமரா வேலைக்கு வரும் தம்பிக்கு

ஐந்து வருடம் சென்னையில் உதவி ஒளிப்பதிவாளராக இருந்துவிட்டு லண்டனுக்குப் படிக்க வருகிறீர்கள். படித்துக்கொண்டே ஷூட்டிங் போகலாமா, எந்த கேமரா வாங்கி வரலாம், வீட்டு வாடகை எவ்வளவு என்று கேட்டிருக்கிறீர்கள். வாடகையை வேறு யாராவது சொல்வார்கள். கேமரா வாங்க வேண்டாம், அந்தப் பணம் கையில் இருக்கட்டும்.

முதல் கேள்விதான் முக்கியம். மாணவர் விசாவில் சுயதொழில் செய்யக் கூடாது. இங்கே படத்திலும் டிவியிலும் கேமரா ஆட்கள் பெரும்பாலும் ஃப்ரீலான்ஸ், அதாவது சுயதொழில்தான். அதனால் "வாரத்துக்கு 20 மணி நேரம் அனுமதி இருக்கே, வந்து இன்வாய்ஸ் போடு" என்று யார் கூப்பிட்டாலும் போகாதீர்கள். கூப்பிடுவது நம்மவர்களாகத்தான் இருக்கும். கல்யாண வீடியோவுக்கு இரண்டு நாள் நிற்க வைத்து, சாப்பாடு போட்டு அனுப்பிவிடுவார்கள். மாணவர்களிடம் இப்படி வேலை வாங்குவதைப் பார்த்தால் எனக்கு இன்றும் ஆத்திரம் வரும். படிப்பு முடிந்து கிராஜுவேட் விசா வாங்கினால் சுயதொழிலுக்குத் தடை இல்லை. அதுவரை பொறுங்கள்.

நான் 2006 ஜனவரியில் மனைவியின் விசாவில் வந்தேன், அதனால் அந்தச் சிக்கல் இல்லை. என் சிக்கல் வேறு. ஊரில் கேமராவோடு யூனிட் ஆட்கள் வருவார்கள், பெட்டியை அவர்கள் தூக்குவார்கள். அந்தப் பழக்கத்தில் முதல் நாள் மானிட்டர் பக்கத்தில் போய் நின்றேன். லென்ஸ் பெட்டிகள் மழையில் இருந்தன. கேமராவுக்கு ஃபிலிம் ஏற்றி கிளாப் அடிக்கும் கிளாப்பர் லோடர் ஒரு வார்த்தை பேசாமல் எல்லாவற்றையும் தானே தூக்கினார். வேனுக்குப் பின்னால் நின்று அழுதேன். இங்கே டிரெய்னி, கிளாப்பர் லோடர், லென்ஸில் ஃபோகஸ் பிடிக்கும் ஃபோகஸ் புல்லர், ஆபரேட்டர் என்று படிப்படியாகத்தான் ஏற வேண்டும். ஊர் அனுபவத்தைச் சொல்லி நடுவில் நுழையப் பார்த்த இரண்டு பேரை எனக்குத் தெரியும், இருவரும் திரும்பிப் போய்விட்டார்கள். "நம்ம நிறத்துக்கு இங்கே வேலை தரமாட்டான்" என்பார்கள். பாகுபாடு இல்லை என்று சொல்லமாட்டேன், ஆனால் அந்த இருவரும் ஒரு பெட்டியைக்கூடத் தூக்கவில்லை. பிரிட்டிஷ் ஒளிப்பதிவாளர் ஜாக் கார்டிஃப்கூட கிளாப் அடிக்கும் பையனாக இருந்தவர். லண்டனுக்கு வெளியே உள்ள பைன்வுட் ஸ்டுடியோவின் செட்டுக்குள்ளேயே இமயமலையைக் காட்டி, 1947இல் வந்த 'பிளாக் நார்சிஸஸ்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கினார்.

மறுநாள் அதே லோடர் எனக்கு டேப் ஒட்டக் கற்றுக்கொடுத்தார். ஃபிலிம் டப்பாவைச் சுற்றி ஒட்டிவிட்டு, நுனியை ஒரு விரல் அகலம் உள்பக்கமாக மடித்துவிட வேண்டும். கையுறை போட்ட விரலும் இருட்டில் அதைப் பிடித்து உரிக்கலாம். டிசம்பரில் நாலு மணிக்கு முன்பே பொழுது சாய்ந்துவிடும், விரல் மரத்துப்போகும். அந்த மடிப்பை ஒரு வாரம் வீட்டில் பழகினேன்.

அப்புறம், கார் ஓட்டத் தெரியுமா? இந்திய லைசென்ஸ் இங்கே 12 மாதம்தான் செல்லும், அதற்குள் இங்கத்திய டெஸ்ட் பாஸ் செய்துவிடுங்கள். பைன்வுட் வாசலில் ரயில் கிடையாது. ஏழரை மணி ஷூட்டிங்குக்காக அக்ஸ்பிரிட்ஜில் ரயில் இறங்கி, ஒரு மணி நேரத்துக்கு மேல் இருட்டில் ரோட்டோரமாக நடந்திருக்கிறேன். அந்த ரோட்டில் பல இடத்தில் நடைபாதையே சரியாக இருக்காது.