சந்தைதானே எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது? வட்டி, பட்ஜெட் என்று மேலே எடுக்கும் முடிவுகளால் சாதாரண ஆளுக்கு என்ன மாறிவிடும்?

கேள்வியைப் படித்தால், வட்டி விகிதம் ஏறி இறங்குவதைச் செய்தியில் மட்டும் பார்த்தவர் நீங்கள் என்று தோன்றுகிறது. குறையாகச் சொல்லவில்லை. திறமை இருப்பவன் பிழைப்பான், இல்லாதவன் போவான், நடுவில் அரசுக்கும் மத்திய வங்கிக்கும் என்ன வேலை என்று என்னோடு படித்தவர்களே பேசுகிறார்கள். அந்தப் பேச்சைக் கேட்டால் எனக்கு எரிச்சல் வரும். அதனால்தான் இந்த நீளமான பதில்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் பொருளாதாரம் படித்துப் பட்டம் வாங்கியவன் இல்லை. கணக்கு எழுதிப் பிழைப்பவன். "இவன் சந்தைக்கே எதிரி" என்று சண்டைக்கு வருபவர்கள் கடைசிவரை படித்துவிட்டு வாருங்கள்.

2022இல் இயந்திர உதிரிபாகங்கள் செய்யும் ஒரு சின்ன நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் இருந்தேன். பெருந்தொற்றுக்குப் பிறகு சரக்குப் போக்குவரத்து தடுமாறியது, யுக்ரைன் போர் தொடங்கியது, எரிபொருளும் தானியமும் விலை ஏறின. மத்திய வங்கிகள் வரிசையாக வட்டியை உயர்த்த ஆரம்பித்தன. அமெரிக்காவின் ஃபெடரல் ரிசர்வ் 2022 மார்ச்சில் கிட்டத்தட்ட பூஜ்யத்தில் இருந்த தன் வட்டியை 2023 ஜூலைக்குள் 5.25 முதல் 5.50 சதவீதம் என்ற அளவுக்குக் கொண்டுபோனது. அவர்கள் உயர்த்தினால் மற்ற நாடுகளும் சும்மா இருக்க முடியாது. இருந்தால் முதலீடு வெளியே ஓடும், சொந்த நாணயத்தின் மதிப்பு சரியும், இறக்குமதிப் பொருள்களின் விலை இன்னும் ஏறும்.

இது ஒரு சின்னக் கம்பெனிக்குள் எப்படி வந்து இறங்கும் என்று பாடப்புத்தகத்தில் ஒரே வரியில் முடித்துவிடுவார்கள்: "வட்டி உயர்ந்தால் முதலீடு குறையும்." நான் பார்த்தது இப்படி. நாங்கள் இன்று உலோகம் வாங்கி, செய்து கொடுத்து, பணம் கைக்கு வர மூன்று மாதம் ஆகும். அந்த இடைவெளியை நிரப்புவது வங்கிக் கடன்தான். அதற்கு மாறும் வட்டி, அதாவது சந்தையில் வட்டி ஏறினால் பழைய கடனுக்கும் ஏறும். வட்டி ஏற ஏற, லாபமாக நின்ற பணம் அப்படியே வங்கிக்குப் போனது. சரி, சமாளிக்கலாம் என்றுதான் முதலில் இருந்தோம். ஆனால் எங்களிடம் வாங்கும் பெரிய கம்பெனிக்கும் அதே வட்டிதான். அவர்கள் கிடங்கில் சரக்கு வைத்திருப்பதே செலவு என்று கணக்குப் போட்டு ஆர்டரைக் குறைத்தார்கள். எங்களுக்குத் தர வேண்டிய பணத்தையும் இன்னும் தள்ளிப்போட்டார்கள். எங்களை வைத்து இலவசமாகக் கடன் வாங்கினார்கள் என்றே சொல்லலாம். அந்தக் கூடுதல் நாள்களுக்கு நாங்கள் வங்கிக்கு வட்டி கட்டினோம். புது இயந்திரம் வாங்கும் திட்டத்தை முதலாளி கைவிட்டார். அந்த இயந்திரத்தை விற்க இருந்தவருக்கும் ஒரு ஆர்டர் கைநழுவியது.

எங்கள் தரம் குறையவில்லை, விலை கூடவில்லை, போட்டிக்கு யாரும் புதிதாக வரவும் இல்லை. கடைசியாகச் சேர்ந்தவர்களை முதலில் நிறுத்தினார்கள். அந்தப் பட்டியலைத் தட்டச்சு செய்தது நான். அடுத்த சுற்றில் என்னையும் நிறுத்தினார்கள். முதலாளி மேல் எனக்குக் கோபம் இல்லை. அவர் தன் சம்பளத்தை அதற்கு முன்பே நிறுத்தியிருந்தார்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். இதில் சந்தை எங்கே முடிவெடுத்தது? மத்திய வங்கியில் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்த சில பேர், கடனுக்கு என்ன விலை என்பதை ஓட்டுப் போட்டு மாற்றினார்கள். வட்டி ஏறினால் கடன் வாங்குவது குறையும், செலவு குறையும், ஆள் எடுப்பது குறையும், சம்பள உயர்வு கேட்கும் தைரியம் குறையும், அப்போது விலைவாசி அடங்கும். வேலை போவது பக்க விளைவு என்று சொல்வார்கள். ஆனால் மருந்து வேலை செய்கிற வழிகளில் அதுவும் ஒன்று.

நான் மிகைப்படுத்துகிறேன் என்று நினைத்தால் அமெரிக்காவின் 1979 முதல் 1983 வரையான காலத்தைப் பாருங்கள். பால் வோல்கர் 1979 ஆகஸ்டில் அந்நாட்டு மத்திய வங்கியான ஃபெடரல் ரிசர்வின் தலைவரானார். 1980 மார்ச்சில் பணவீக்கம் 14.8 சதவீதத்தைத் தொட்டது. அவர் விடாப்பிடியாக இறுக்கியதில் 1981இல் குறுகிய கால வட்டி 20 சதவீதத்தை நெருங்கியது. 1982 இறுதியில் வேலையின்மை 10.8 சதவீதம். வீடு கட்டுபவர்கள் மரக்கட்டைத் துண்டுகளில் கோரிக்கை எழுதி அவருக்குத் தபாலில் அனுப்பினார்கள். கார் விற்பவர்கள் விற்காமல் நின்ற கார்களின் சாவிகளைக் குட்டிச் சவப்பெட்டிகளில் வைத்து அனுப்பினார்கள். விவசாயிகள் டிராக்டரோடு வாஷிங்டனுக்குப் போய் ஃபெடரல் ரிசர்வ் கட்டடத்தையே மறித்தார்கள். 1983இல் பணவீக்கம் 4 சதவீதத்துக்குக் கீழே வந்துவிட்டது, அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் செலவு அமெரிக்காவோடு நிற்கவில்லை. லத்தீன் அமெரிக்க நாடுகள் எழுபதுகளில் மாறும் வட்டியில் டாலர் கடன் வாங்கிக் குவித்திருந்தன. 1982 ஆகஸ்டில் மெக்சிகோ கடனைக் கட்ட முடியாது என்று கைவிரித்தது. பிறகு வரிசையாக மற்றவர்கள். அங்கே வேலை இழந்த ஒரு தொழிலாளிக்கு வாஷிங்டனில் நடந்த கூட்டத்தில் என்ன பங்கு? திறமை இல்லாதவன் என்று அவனைச் சொல்வீர்களா?

பட்ஜெட் பக்கமும் இதே கதைதான். பெருமந்தத்திலிருந்து அமெரிக்கா மெல்ல எழுந்துகொண்டிருந்தபோது, 1937இல் அரசு செலவைச் சுருக்கியது. வங்கிகள் கையில் வைத்திருக்க வேண்டிய கட்டாய இருப்பையும் ஃபெடரல் ரிசர்வ் உயர்த்தியது. தொழில் உற்பத்தி ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு விழுந்தது. இவ்வளவு அனுபவம் இருந்தும் 2010க்குப் பிறகு கிரேக்கத்தில் கடன் கொடுத்தவர்களின் நிபந்தனையாகச் சிக்கன நடவடிக்கை வந்தது. பொருளாதாரம் கால் பங்கு சுருங்கியது, 2013இல் வேலையின்மை 27 சதவீதத்தைத் தாண்டியது. செலவைக் குறைத்தால் உற்பத்தி எவ்வளவு விழும் என்பதைக் கணிப்புகள் குறைத்து மதிப்பிட்டுவிட்டன என்று பன்னாட்டு நாணய நிதியத்தின் (IMF) அப்போதைய தலைமைப் பொருளியலாளர் ஒலிவியே பிளாஞ்சார் அதே ஆண்டு ஆய்வுக் கட்டுரையில் எழுதினார். நல்லது. அதைப் படித்து எந்த கிரேக்க இளைஞனுக்கும் வேலை திரும்பக் கிடைத்திருக்காது.

வெறும் வாய்ச்சொல்லே கொள்கையாக வேலை செய்ததும் உண்டு. 2012 ஜூலையில் ஐரோப்பிய மத்திய வங்கித் தலைவர் மரியோ டிராகி, யூரோவைக் காக்க எதையும் செய்வோம் என்று லண்டனில் பேசினார். ஸ்பெயின், இத்தாலி அரசுப் பத்திரங்களின் வட்டி, அதாவது அந்த அரசுகள் கடன் வாங்கக் கொடுக்க வேண்டிய வட்டி, இறங்கத் தொடங்கியது. அதற்காக அறிவித்த பத்திரம் வாங்கும் திட்டத்தைக் கடைசிவரை பயன்படுத்தவே இல்லை! கையில் அவ்வளவு அதிகாரம் இருக்கும் ஆள்கள், மற்ற நேரங்களில் "சந்தை முடிவு செய்யட்டும்" என்று ஒதுங்கும்போது எனக்குச் சந்தேகம் வருவதில் தப்பு உண்டா?

உடனே "அப்படியென்றால் வட்டியை உயர்த்தவே கூடாதா" என்று கேட்பீர்கள். நான் அப்படிச் சொல்லவில்லை. துருக்கி 2021இல் விலைவாசி ஏறும்போதே வட்டியைக் குறைத்தது. அதன் நாணயமான லீரா சரிந்தது, 2022 அக்டோபரில் அதிகாரப்பூர்வப் பணவீக்கமே 85 சதவீதத்தைத் தாண்டியது. சம்பளக்காரனுக்கு அதுவும் அடிதான், ஒருவேளை பெரிய அடி. கொள்கை வேண்டாம் என்பது என் வாதம் இல்லை. இயற்கையாக மழை பெய்த மாதிரி அதைப் பேசாதீர்கள் என்பதுதான்.

அப்புறம், இதற்கும் கேள்விக்கும் நேரடிச் சம்பந்தம் இல்லை, ஆனாலும் சொல்லாமல் விட மனம் வரவில்லை. வேலை போன பிறகு நேர்காணல்களுக்குப் போனேன். எல்லா இடத்திலும் ஒரே கேள்வி: "இந்த மாதங்கள் ஏன் காலியாக இருக்கின்றன?" கேட்ட ஒருவருடைய நிறுவனமே அந்த ஆண்டு ஆளைக் குறைத்திருந்தது. வட்டி ஏறியதால் ஆர்டர் போனது என்றேன். "அதெல்லாம் சரி, உங்கள் தனிப்பட்ட குறை என்ன?" என்று கேட்டார். ஒரு நாட்டில் பத்துப் பேரில் ஒருவருக்கு வேலை இல்லாதபோது கூட, நேர்காணல் அறையில் மட்டும் அது தனிமனிதக் குறையாகிவிடுகிறது. இந்த மனிதவளத் துறைக்காரர்கள் எந்த உலகத்தில் வாழ்கிறார்களோ. சம்பளத்தையும் பழைய சம்பளத்துக்குக் கீழேதான் பேசினார்கள். ஆள்கள் வரிசையில் நிற்பது அவர்களுக்குத் தெரியும். வட்டி உயர்வு சம்பளத்தைக் கட்டுப்படுத்துவது இந்த அறையில்தான் நடக்கிறது.

சரி, கேள்விக்கே திரும்புகிறேன். வட்டியை விட்டால் வேறு கருவியே இல்லை என்று யாராவது சொன்னால் ஸ்பெயினைக் காட்டுங்கள். 2022 ஜூனில் ஸ்பெயினும் போர்ச்சுகலும் மின் உற்பத்திக்கு வாங்கும் எரிவாயுவின் விலைக்கு உச்சவரம்பு வைத்தன. 2023 ஜூனில் யூரோ மண்டலப் பணவீக்கம் 5.5 சதவீதம், ஸ்பெயினில் 2 சதவீதத்துக்கும் கீழே. இரண்டுக்கும் ஒரே மத்திய வங்கி, ஒரே வட்டி. எரிவாயு வரம்பு மட்டுமே காரணம் என்று நான் சொல்லவில்லை. பணவீக்கத்தை முந்தைய ஆண்டு விலையோடு ஒப்பிட்டுத்தான் கணக்கிடுவார்கள், அந்த ஆண்டே அங்கே விலை மிக உயரத்தில் இருந்ததும் ஒரு காரணம். அந்த வரம்பால் வந்த செலவை மின் நுகர்வோரே கட்டணத்தில் சுமந்தார்கள் என்ற விமர்சனமும் உண்டு. அதை விவாதிக்கலாம், அதில் எனக்கு மறுப்பில்லை. "சந்தைதானே" என்று தொடங்கினால்தான் பேச முடியாமல் போகிறது.